10.8 என்பது 10.80 அல்ல

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். 2025 ஆகஸ்டில் நம் சென்னை நேரு ஸ்டேடியத்தில் நடந்த மாநிலங்களுக்கு இடையிலான தேசியத் தடகளப் போட்டியில், தமிழ்நாட்டின் டி.கே. விஷால் 400 மீட்டரை 45.12 விநாடியில் ஓடித் தேசியச் சாதனை படைத்தார். அதிலிருந்து பழைய ஓட்டக்காரர்களின் நேரங்களும் மறுபடி பேச்சில் அடிபடுகின்றன. 1951 ஆசிய விளையாட்டில் லெவி பின்டோ 100 மீட்டரில் எடுத்த 10.8, 1958 காமன்வெல்த் போட்டியில் கார்டிஃபில் மில்கா சிங் 440 கஜத்தில் எடுத்த 46.6, 1960 ரோம் ஒலிம்பிக்கில் அவர் 400 மீட்டரில் எடுத்த 45.6 ஆகிய எண்களெல்லாம் இன்றைய எண்களோடு ஒரே அட்டவணையில் அச்சாகின்றன. அவர்களை நினைவுகூர்வது நல்லதுதான். ஆனால் அட்டவணை போடுகிறவர்கள் வரிசை அழகாக இருக்கட்டும் என்று 10.8ஐ 10.80 ஆக்கிவிடுகிறார்கள். 440 கஜத்தை 400 மீட்டர் என்று எழுதிவிடுகிறார்கள். இப்படி எழுதினால் அன்று ஓடியவருக்கும் இன்று ஓடுகிறவருக்கும் ஒருசேர அநியாயம் நடக்கிறது. தடகளப் போட்டிகளில் நேரம் எடுப்பதையும் தூரம் அளப்பதையும் அறிந்தவர்கள் என்ற முறையில் இதை விரிவாக எழுதுகிறோம்.

சென்னைக்கு இதில் தனி அக்கறை இருக்க வேண்டும். 1920இல் எச்.சி. பக் தொடங்கிய ஒய்.எம்.சி.ஏ. உடற்கல்விக் கல்லூரி இந்த ஊரில்தான் இருக்கிறது. 1924 பாரிஸ் ஒலிம்பிக்குக்குப் போன இந்தியத் தடகள வீரர்களோடு சென்றவரும் அவரே. 1932இலும் 1952இலும் தேசிய விளையாட்டுப் போட்டி சென்னையில் நடந்தது. 1946இல் அமைந்த இந்திய அமெச்சூர் தடகள சம்மேளனத்துக்கு 1952இல் ஆறு வயதுதான். அந்த நாட்களில் தேசிய விளையாட்டுப் போட்டியே தடகளத்துக்கும் தேசிய அரங்கு. அந்தப் போட்டிகளின் முடிவுத் தாள்கள் பழைய பத்திரிகைக் கட்டுகளிலும் கல்லூரி அலமாரிகளிலும் வீட்டுப் பரண்களிலும் சிதறிக் கிடக்கின்றன. அவற்றைச் சரியாகப் படிக்கத் தெரிய வேண்டும்.

முதலில் கடிகாரம். 1950களில் நேரம் எடுத்தது சாவி கொடுக்கும் ஸ்டாப்வாட்ச். அதில் இரண்டு வகை உண்டு. ஒரு வகையின் முள் விநாடிக்கு ஐந்து முறை துடிக்கும், இன்னொன்றின் முள் பத்து முறை. ஐந்து முறை துடிக்கும் கடிகாரத்தால் 10.7 என்றோ 10.9 என்றோ காட்டவே முடியாது. 10.6, 10.8, 11.0 என்றுதான் காட்டும். ஆகவே ஒரு போட்டியின் முடிவுத் தாள் முழுவதும் நேரங்கள் .0, .2, .4, .6, .8 என்றே முடிந்தால், அங்கே இருந்தது ஐந்தில் ஒரு பங்கு கடிகாரம் என்று பெரும்பாலும் சொல்லிவிடலாம். அந்தத் தாளில் 10.8 என்று இருப்பவர் உண்மையில் 10.8ஐ ஒட்டிய ஐந்தில் ஒரு பங்கு விநாடி இடைவெளியில் எங்கே வேண்டுமானாலும் வந்திருக்கலாம். அதற்கு ஒரு பூஜ்யம் சேர்த்து 10.80 என்று எழுதினால், யாரும் அளக்காத நூறில் ஒரு பங்கை நாமாக இட்டுக்கட்டியதாகிறது. இன்னும் பழைய தாள்களில் 10 4/5 என்று பின்னமாகவே எழுதியிருப்பார்கள். அதை அவசரத்தில் 10.45 என்று தட்டச்சு செய்துவிட்டால் ஆள் உலகச் சாதனைக்கு அருகே போய்விடுவார்! தட்டச்சு செய்தவற்றை மூலத்தோடு ஒருவராவது ஒப்பிட்டுப் பார்த்தாக வேண்டும்.

முதல் இடத்துக்கு மூன்று பேர் நேரம் எடுப்பார்கள். இரண்டு கடிகாரங்கள் ஒத்துப்போனால் அதுதான் நேரம். மூன்றும் வேறுவேறாக இருந்தால் நடுவில் இருப்பது நேரம். ஏதோ ஒரு கடிகாரம் நின்றுபோய் இரண்டே மிஞ்சினால், இரண்டில் கூடுதலாகக் காட்டுவது நேரம். முள் இரண்டு கோடுகளுக்கு நடுவே நின்றால் அடுத்த கோட்டுக்குத்தான் போக வேண்டும், கீழே இறங்கக் கூடாது. இன்றும் கையால் எடுக்கும்போது டிஜிட்டல் ஸ்டாப்வாட்ச் 10.11 காட்டினால் 10.2 என்றுதான் பதிவு. மூன்று எண்களைக் கூட்டிச் சராசரி போடும் பழக்கம் சில பள்ளிப் போட்டிகளில் உண்டு. அது விதியிலேயே இல்லை.

கையால் எடுத்த நேரம் ஏன் எப்போதும் குறைவாக வருகிறது? ஓட்டத்தைத் தொடங்கிவைக்கும் ஸ்டார்டர் துப்பாக்கியால் சுடுகிறார். நேரம் எடுப்பவர் புகையைப் பார்த்து, மூளை அதை வாங்கி, விரல் அழுத்துவதற்குள் சுமார் கால் விநாடி போய்விடுகிறது. முடிவுக் கோட்டில் அந்தத் தாமதம் கிடையாது. ஓடி வருகிறவர் கண்ணெதிரே வருவதால் விரல் முன்கூட்டியே தயாராக இருக்கிறது. தொடக்கத்தில் தொலைந்த கால் விநாடி ஓட்டக்காரருக்கு லாபமாகப் போய்ச் சேர்கிறது. இதனால்தான் 100, 200 மீட்டர் ஓட்டங்களில் கை நேரத்தை எலக்ட்ரானிக் நேரத்தோடு ஒப்பிட 0.24 விநாடி கூட்டுகிறார்கள். 400 மீட்டருக்கு 0.14 மட்டும் கூட்டினால் போதும். அதற்குக் காரணம் உண்டு. 400 மீட்டர் முடிவுக் கோட்டின் அருகிலேயே தொடங்குகிறது, ஆகவே துப்பாக்கி பக்கத்திலேயே இருக்கும். 100 மீட்டருக்கு 100 மீட்டர் தள்ளி, 200 மீட்டருக்கு மைதானத்தின் எதிர்மூலையில் நேர்க்கோட்டில் சுமார் 110 மீட்டர் தள்ளித் துப்பாக்கி வெடிக்கிறது.

இங்கேதான் மிகப் பெரிய பிழை நடக்கும். புகையைப் பார்க்காமல் சத்தத்தைக் கேட்டு அழுத்தினால் எல்லாம் போயிற்று. ஒலி 100 மீட்டரைக் கடக்க சுமார் 0.29 விநாடி எடுக்கும், அது அப்படியே நேரத்திலிருந்து கழிந்துவிடும். நம் ஊர் வெயிலில், வெளுத்த வானத்தின் பின்னணியில் வெள்ளைப் புகை கண்ணில் படாது. அதற்காகத்தான் ஸ்டார்டருக்குப் பின்னால் கறுப்புப் பலகை வைப்பார்கள். பலகை இல்லாத மைதானத்தில் எடுத்த நேரம் சத்தத்துக்கு எடுத்த நேரமாக இருக்கவே வாய்ப்பு அதிகம். உள்ளூர்ப் போட்டிகளில் திடீரென்று முளைக்கும் அபார நேரங்களில் பலவற்றுக்கு இதுதான் விளக்கம் என்பது எங்கள் கருத்து.

ரோம் 400 மீட்டர் இறுதிப் போட்டி இதற்கு நல்ல சான்று. அங்கே கையாலும் எடுத்தார்கள், எலக்ட்ரானிக் கருவியும் ஓடியது. ஓட்டிஸ் டேவிஸ், கார்ல் காஃப்மன் இருவருக்குமே கை நேரம் 44.9. கருவி 45.07, 45.08 என்று காட்டியது. மூன்றாவதாக வந்த ஸ்பென்ஸுக்குக் கையில் 45.5, கருவியில் 45.60. நான்காவது மில்கா சிங், கையில் 45.6, கருவியில் 45.73. 45.6உடன் 0.14 கூட்டிப் பாருங்கள், 45.74 வருகிறது. கருவி சொன்னதற்கு நூறில் ஒரு பங்குதான் வித்தியாசம். 1998இல் கொல்கத்தாவில் பரம்ஜித் சிங் 45.70 ஓடியபோது அது மில்காவின் 45.73ஐ முந்திய ஓட்டம்தான். எண்ணை மட்டும் பார்த்து ‘45.6ஐ விட 45.70 பெரியதாயிற்றே’ என்று கேட்பவர்கள் இன்றும் இருக்கிறார்கள். கேட்டவர்களைக் குறை சொல்ல மாட்டோம், இரண்டையும் ஒரே வரிசையில் அச்சிட்டதுதான் குழப்பத்துக்குக் காரணம். விஷாலின் 45.12ஐ ஒப்பிட வேண்டுமானால் 45.73ஓடு ஒப்பிடுங்கள், 45.6ஓடு வேண்டாம்.

ஆனால் ஒரு எச்சரிக்கை. 0.24, 0.14 எல்லாம் ஒப்பிடுவதற்கான திருத்தங்கள். லெவி பின்டோவின் 10.8ஐ 11.04 என்று மாற்றி, அதையே அவர் ஓடிய நேரமாக அச்சிடக் கூடாது. அவருடைய பதிவு 10.8தான். பக்கத்தில் ‘கை நேரம்’ என்ற குறிப்புப் போதும். 100 மீட்டர் முதல் 400 மீட்டர் வரையிலான உலகச் சாதனைக்கு எலக்ட்ரானிக் நேரம் கட்டாயம் என்று ஆனதே 1977இல்தான். அதற்கு முந்தைய எந்த இந்திய ஓட்டத்துக்கும் இரண்டு தசம இலக்கங்களில் நேரம் கண்டால், எந்தக் கருவியில் எடுத்தது என்று கேளுங்கள்.

இரண்டாவது, கஜம். இந்தியாவில் மீட்டர் அளவைச் சட்டம் வந்தது 1956இல். அதற்கு முன்னும் பின்னும் பல ஆண்டுகள் கஜமும் மீட்டரும் அக்கம்பக்கமாக இருந்தன. ஒலிம்பிக், ஆசியப் போட்டிகள் மீட்டரில், காமன்வெல்த் போட்டிகள் கஜத்தில். கார்டிஃபில் மில்கா தங்கம் வென்றது 440 கஜ ஓட்டத்தில், அதாவது 402.336 மீட்டரில். அந்த 2.336 மீட்டருக்கு ஏறக்குறைய 0.3 விநாடி ஆகும். ஆகவே 46.6ஐ 400 மீட்டர் நேரம் என்று எழுதினால் அவருக்கு 0.3 விநாடி அபராதம் போட்டதுபோல் ஆகிறது. 220 கஜம் 201.168 மீட்டர், அதற்கு 0.1 கழிக்கலாம். 880 கஜத்துக்கு 0.7 கழிக்கலாம். 100 கஜம் என்பது 91.44 மீட்டர்தான். 100 மீட்டருக்கு ஒப்பிட நல்ல ஓட்டக்காரருக்குச் சுமார் 0.9 விநாடி கூட்ட வேண்டும், வேகம் குறைந்தவருக்கு இன்னும் கொஞ்சம் அதிகம். ‘தாத்தா 100 மீட்டரை 10 விநாடியில் ஓடினார்’ என்று குடும்பங்களில் சொல்லப்படும் பெருமைகளில் பல, 100 கஜத்தில் 10 விநாடி என்பதே. அதுவும் சாதாரண விஷயம் இல்லை.

120 கஜத் தடை ஓட்டம் மட்டும் ஒரு விதிவிலக்கு. தடைகளின் உயரம் 3 அடி 6 அங்குலம், இடைவெளி 10 கஜம், அதாவது 9.144 மீட்டர். 110 மீட்டர் தடை ஓட்டத்தில் இடைவெளி 9.14. கடைசித் தடையிலிருந்து கோடு வரையிலான ஓட்டம்தான் 30 சென்டிமீட்டர் கூடுதல். நடைமுறையில் இரண்டும் ஒன்றே. பெண்களின் 80 மீட்டர் தடை ஓட்டத்தை இன்றைய 100 மீட்டர் தடை ஓட்டத்தோடு சேர்க்கவே கூடாது. தடையின் உயரமும் இடைவெளியும் வேறு. 1972 ஒலிம்பிக்கிலிருந்து 80 மீட்டர் ஓட்டமே இல்லை.

தாண்டுதல், எறிதலில் தவறு வேறு விதமாக வரும். 24 அடி 5½ அங்குலம் என்பதை 24.55 அடி என்று எடுத்துக்கொண்டு பெருக்கினால் 7.48 மீட்டர் வரும். சரியான விடை 7.45. அங்குலம் பன்னிரண்டில் ஒன்று, பத்தில் ஒன்று அல்ல. அடுத்தது, இருமுறை மாற்றுவதால் வரும் இழப்பு. மைதானத்தில் 7.45 மீட்டர் என்று அளந்ததைப் பத்திரிகை அடியில் மாற்றும்போது கால் அங்குலத்துக்குக் கீழே உள்ளதை விட்டுவிடும். 24 அடி 5¼ அங்குலம் என்று அச்சாகும். ஐம்பது ஆண்டு கழித்து அதை மறுபடி மீட்டராக்கி, சென்டிமீட்டருக்குக் கீழே உள்ளதை விட்டால் 7.44. ஒரு சென்டிமீட்டர் காணாமல் போயிற்று. அந்த ஒரு சென்டிமீட்டரில் பதக்கம் மாறிய போட்டிகள் எத்தனையோ உண்டு. ஆகவே மூலத்தில் எந்த அளவு இருந்ததோ அதை முதலில் எழுதி, மாற்றியதைப் பிறகு எழுத வேண்டும். குண்டின் எடையில் பிரச்சினை இல்லை, 16 பவுண்டும் 7.26 கிலோவும் ஒன்றுதான். ஈட்டியில் பெரும் பிரச்சினை. 1986இல் ஆண்கள் ஈட்டியின் எடைமையத்தை முன்னே தள்ளினார்கள், அது முன்பைவிடச் சீக்கிரம் தரையிறங்கும். பழைய தூரமும் புதிய தூரமும் ஒரே பட்டியலில் வர முடியாது. பத்து போட்டிகள் சேர்ந்த டெகத்லானின் புள்ளிகளும் அப்படியே. 1934, 1950, 1962, 1985 என்று புள்ளி அட்டவணை மாறிக்கொண்டே வந்திருக்கிறது. உயரம் தாண்டுதலில் அன்று விழுந்தது மணலிலும் மரத்தூளிலும். முதுகில் விழும் பாணியை யாரும் நினைத்துக்கூடப் பார்க்க முடியாது. 1954 மணிலா ஆசியப் போட்டியில் அஜித் சிங் தங்கம் வென்ற 1.95 மீட்டரை அந்த மணலோடு சேர்த்துத்தான் மதிப்பிட வேண்டும்.

காற்றைப் பற்றிச் சென்னைவாசிகளுக்குச் சொல்லித்தர வேண்டியதில்லை. கோடையில் மதியத்துக்குள் கடற்காற்று எழும்பிவிடும். பின்னாலிருந்து விநாடிக்கு 2 மீட்டர் காற்று வீசினால் 100 மீட்டரில் சுமார் 0.1 விநாடி லாபம். அதற்கு மேல் வீசினால் 200 மீட்டர் வரையிலான ஓட்டங்களிலும் நீளம், மும்முறை தாண்டுதலிலும் சாதனை ஏற்கப்படாது. 100 மீட்டருக்குத் தொடக்கத்திலிருந்து 10 விநாடி, 200 மீட்டருக்கு முதல் ஆள் நேர்ப்பாதையில் நுழைந்ததிலிருந்து 10 விநாடி, நீளம் தாண்டுதலுக்கு 5 விநாடி அளக்க வேண்டும். ஓட்டங்களில் காற்றளவுக் கருவி முடிவுக் கோட்டிலிருந்து 50 மீட்டரில், 1.22 மீட்டர் உயரத்தில், ஓடுபாதையிலிருந்து 2 மீட்டருக்குள் இருக்க வேண்டும். பழைய முடிவுத் தாளில் காற்றின் அளவு இல்லையென்றால் ‘காற்று அளவு இல்லை’ என்று எழுதுங்கள். வெற்றிடமாக விட்டால் படிப்பவர் அது விதிக்குள் இருந்ததாக எடுத்துக்கொள்வார்.

ஓடுதளம்தான் எல்லாவற்றிலும் பெரிய வேறுபாடு. இதை எந்தக் கூட்டல் கழித்தலாலும் சரிக்கட்ட முடியாது. அன்று புல்தரை, அல்லது நிலக்கரிச் சாம்பல் போட்ட சின்டர் டிராக். கீழே உடைத்த கல், அதன் மேல் கரடான சாம்பல், மேலே சலித்த சாம்பலோடு களிமண். தண்ணீர் தெளித்து ரோலர் உருட்ட வேண்டும். களிமண் குறைந்தால் மேல்தளம் பொலபொலவென்று உதிர்ந்து கால் வழுக்கும். கூடினால் மழைக்குச் சேறு, வெயிலுக்கு வெடிப்பு. நீண்ட ஓட்டங்கள் எல்லாம் உட்பாதையிலேயே நடப்பதால் முதல் லேன் சீக்கிரம் குழிந்துபோகும். அதனால் குறுகிய ஓட்டங்களில் முதல் லேனைக் காலியாகவே விடும் வழக்கம் இருந்தது. அப்படி விடாத இடத்தில் சீட்டில் முதல் லேன் விழுந்தவர் பாவம்தான். ஸ்பைக் ஆணி 25 மில்லிமீட்டர் வரை நீளம், இன்று சிந்தடிக் தளத்தில் ஓட்டங்களுக்கு 9 மில்லிமீட்டர்தான் அனுமதி. ஆழமாகக் குத்திய ஆணியை ஒவ்வோர் அடியிலும் பிடுங்கி எடுப்பதில் போகும் பலம் நேரத்தில் தெரியும். காலை ஊன்றி ஓட்டத்தைத் தொடங்கும் ஸ்டார்ட்டிங் பிளாக் ஒலிம்பிக்கில் முதலில் வந்ததே 1948இல். அது இல்லாத மைதானத்தில் கரண்டியால் குழி தோண்டிக் காலை வைத்தார்கள்.

பாதையின் நீளத்தை நம்புவதற்கும் ஒரு சோதனை உண்டு. முதல் லேனை உள்விளிம்பிலிருந்து 30 சென்டிமீட்டர் தள்ளி அளக்க வேண்டும், மற்ற லேன்களைக் கோட்டிலிருந்து 20 சென்டிமீட்டர் தள்ளி. விளிம்பையே ஒட்டி 400 மீட்டர் அளந்து பாதை போட்டால், ஒரு சுற்றுக்கு 1.88 மீட்டர் கூடுதலாக ஓட வேண்டிவரும். 1.22 மீட்டர் அகல லேனில், 400 மீட்டருக்கு இரண்டாவது லேன் 7.04 மீட்டர் முன்னே தொடங்க வேண்டும். அதற்கு வெளியே ஒவ்வொரு லேனுக்கும் 7.66 அல்லது 7.67 கூடும். 30, 20 வித்தியாசத்தை மறந்து இரண்டாவது லேனுக்கும் 7.67 கொடுத்துவிட்டால், இரண்டு முதல் கடைசி லேன் வரை எல்லோருக்கும் 63 சென்டிமீட்டர் சலுகை. உள்ளூர் மைதானங்களில் சுண்ணாம்புக் கோடு போடும்போது இந்தப் பிழை இன்றும் நடக்கிறது. துணி டேப் இழுத்தால் நீளும், ஆகவே எஃகு டேப்தான் வேண்டும். அதுவும் 20 டிகிரிக்குச் சரிபார்த்ததாக இருந்தால், 35 டிகிரி வெயிலில் 100 மீட்டருக்குச் சுமார் 17 மில்லிமீட்டர் நீண்டிருக்கும். விடியற்காலையில் அளப்பது நல்லது.

அமெச்சூர் என்ற நிபந்தனையையும் ஒரு வரியிலாவது குறிப்பிட வேண்டும். ஓடிப் பணம் வாங்கினால் தகுதி போய்விடும். உலக சம்மேளனம் வீரர்களுக்கு அறக்கட்டளை நிதி என்ற ஏற்பாட்டை அனுமதித்ததே 1982இல். ராணுவம், போலீஸ், ரயில்வே வேலையில் இருந்தவர்கள்தான் தொடர்ந்து பயிற்சி எடுக்க முடிந்தது. மற்றவர்கள் வேலைக்குப் போய்வந்து மாலையில் ஓடினார்கள்.

இனிப் பழைய முடிவுகளை வெளியிடும்போது தங்கள் விளையாட்டுப் பகுதி இப்படிச் செய்யலாம். கை நேரத்துக்கு ஒரே தசம இலக்கம், பக்கத்தில் ‘கை’. கஜம் என்றால் கஜம் என்றே எழுதி, ஒப்பிடும் நேரத்தை அடைப்புக்குறியில், ‘சுமார்’ என்ற சொல்லோடு போடலாம். எலக்ட்ரானிக் நேரங்கள் தனிப் பட்டியலாக வரட்டும். தளம் புல்லா, சின்டரா, சிந்தடிக்கா என்று ஒரு சொல் போதும். பழைய தாள்களில் பெரும்பாலும் முதல் ஆளின் நேரம் மட்டுமே இருக்கும். இரண்டாவது ஆளுக்கு ‘ஒரு கஜ வித்தியாசம்’ என்று எழுதியிருப்பார்கள். குறுகிய ஓட்டத்தில் ஒரு கஜம் ஏறத்தாழ 0.1 விநாடி. அதை வைத்துக் கணக்கிட்ட நேரத்தை, எடுத்த நேரம்போல் அச்சிட வேண்டாம்.

வாசகர்களிடமும் ஒரு வேண்டுகோள். வீட்டில் அந்தக் காலச் சான்றிதழோ முடிவுத் தாளோ இருந்தால் முன்பக்கத்தோடு பின்பக்கத்தையும் படம் எடுத்து வையுங்கள். மூன்று கடிகாரங்களின் எண்களும் லேன் எண்ணும் பல சமயம் பின்னால் பென்சிலில்தான் குறிக்கப்பட்டிருக்கும். மங்கிய எழுத்தின் மேல் பேனாவால் எழுத வேண்டாம், லேமினேட் செய்யவும் வேண்டாம். அதன் சூட்டில் சில வகைக் காகிதத்தில் எழுத்தே போய்விடும். ஜன்னல் வெளிச்சத்தில் தாளைச் சாய்த்துப் பிடித்தால் பென்சில் கோடுகள் தெரியும். எண் பிழையாகப் பட்டாலும் திருத்தாமல் உள்ளபடியே எழுதி, சந்தேகத்தைத் தனியாகக் குறித்துவையுங்கள்.

இப்படிக்கு,
தடகள நேரக்கணிப்பு, அளவீட்டுப் பணிகளை அறிந்த வாசகர்கள் சிலர்,
சென்னை.